கட்டளைதான் காரணமா?
அட்மிரல் சீமூரும் இஸ்கந்தரிய்யாவும்

கல்லூரியில் சரித்திரம் பயிலும் மாணவர் ஒருவர் அண்மையில் என்னைக் காண வந்தார். சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் அரபு இலக்கணம் ஓதியவர்; இன்றும் 'ஹஜ்ரத்' என்றே அழைப்பவர். கையில் ஓர் ஆங்கில நூல். விக்டோரியா மகாராணி காலத்துக் கடற்படை அதிகாரிகளின் வாழ்க்கைக் குறிப்புகள் அதில் அடங்கியிருந்தன. ஒரு பக்கத்தை விரித்து, "ஹஜ்ரத், பன்னிரண்டு வயதில் கப்பலேறிப் பிரபுவாகக் கரையேறிய மனிதர் இவர்! உழைப்பால் உயர்ந்தவருக்கு இதைவிட உதாரணம் வேண்டுமா? எங்கள் இளைஞர் மன்றத்தில் இவரைப் பற்றித்தான் பேசப் போகிறேன்" என்றார்.

வாங்கிப் படித்தேன். பிரடரிக் பீச்சம் சீமூர் என்பது அப்பெரியவரின் பெயர். பிறப்பு, பதவிகள், பதக்கங்கள், காயங்கள் யாவும் தேதியோடு இருந்தன. 1882-ஆம் ஆண்டுக்கு வந்ததும் எழுதுகோல் திடீரெனச் சிக்கனம் பிடித்துவிட்டது. இஸ்கந்தரிய்யாவின் கோட்டைகளை அடக்கினார், ஆல்ஸ்டர் பிரபுவாக உயர்த்தப்பட்டார் என்று ஒரே மூச்சில் முடிந்துவிட்டது! ஒரு மாநகரம் எரிந்த செய்திக்கு அரை வரி. நான் முகம் சுளித்ததைக் கண்ட மாணவர், "அவர் என்ன செய்வார் ஹஜ்ரத்? மேலிடத்துக் கட்டளை, நிறைவேற்றினார்" என்றார்.

அந்த ஒரு வாக்கியத்திற்கு மறுப்பாகவே இக்கட்டுரையை எழுதுகிறேன். அம்மாணவர் மீது எனக்கு மனத்தாங்கல் இல்லை. புத்தகம் கற்பித்ததைத்தான் அவர் சொன்னார்.

சீமூரின் வீரத்தை நான் மறுக்கவில்லை. 1821-இல் பிறந்து 1834-இல் கடற்படையிற் சேர்ந்தவர். 1852-இல் பர்மாப் போரிலும், 1860-இல் நியூசிலாந்தில் மாவோரி மக்களுக்கு எதிரான போரிலும் கரையிறங்கிப் போரிட்டவர். நியூசிலாந்தில் பலத்த காயமும் பட்டார். உடுப்பில் மிகுந்த கவனமுள்ளவராதலால் சகாக்கள் அவருக்குக் கடலின் 'ஸ்வெல்' என்று பட்டப்பெயர் வைத்திருந்தனர். அந்த ஆங்கிலச் சொல்லுக்கு அலைப்பெருக்கு என்றும் பொருளுண்டு, பகட்டாக உடுத்துபவர் என்றும் பொருளுண்டு. நம் புலவர்கள் கேட்டிருந்தால் நல்ல சிலேடை என்று தலையசைத்திருப்பார்கள். 1880-இல் மத்தியதரைக்கடற் படைக்குத் தலைவரானார். அவ்வாண்டே ஆறு வல்லரசுகளின் கப்பல்களைத் திரட்டிக்கொண்டு போய் நின்று, உதுமானியரிடமிருந்து துல்சினோ துறைமுகத்தை மாண்டிநீக்ரோவுக்கு வாங்கிக் கொடுத்தார். அங்கே ஒரு குண்டுகூட வெடிக்கவில்லை. கப்பலைக் காட்டினாலே காரியம் கைகூடும் என்ற பாடத்தை அவரும் அவரை ஏவியவர்களும் அங்கேதான் கற்றிருக்க வேண்டும்.

இனி எகிப்துக்கு வருவோம். கதீவ் இஸ்மாயீல் வாங்கிக் குவித்த கடன், அதைச் சாக்கிட்டு நாட்டின் கஜானாவில் வந்தமர்ந்த ஆங்கிலேய, பிரெஞ்சு அதிகாரிகள், 1879-இல் அவரை இறக்கிவிட்டு மகன் தவ்ஃபீக்கை ஏற்றியது ஆகியவற்றை வாசகர்கள் அறிவார்கள். இந்நிலையைக் கண்டு பொறாது எழுந்தவர் அஹ்மது உராபி. கிராமத்துக் குடியானவரின் பிள்ளை. அல்-அஸ்ஹரில் சில காலம் ஓதியவர். படையிற் சேர்ந்து கர்னலாக உயர்ந்தவர். ('ஐன்' என்ற எழுத்தை உச்சரிக்கத் தெரியாத ஆங்கிலப் பத்திரிகைகள் அவரை 'அரபி பாஷா' ஆக்கின. நம்மவரும் அதைப் பார்த்து அப்படியே எழுதினர்.) 1882 பிப்ரவரியில் மஹ்மூது ஸாமி அல்-பாரூதி பிரதம மந்திரியானார், உராபி யுத்த மந்திரியானார். நாட்டின் வரவு செலவில் நாட்டாருக்கும் ஒரு வாய் வேண்டும் என்று அவர்கள் கேட்டதுதான் லண்டனுக்கும் பாரிஸுக்கும் பொறுக்கவில்லை.

இங்கே தேதிகளை வரிசை பிசகாமல் பார்க்க வேண்டும். பொய்யின் உயிர்நிலை அந்த வரிசையைக் குலைப்பதில்தான் இருக்கிறது. இஸ்கந்தரிய்யாவில் ஐரோப்பியர் கொல்லப்பட்டதனால் சீமூர் குண்டு பொழிந்தார் என்று பலரும் நம்புகிறார்கள். கலகம் நடந்தது உண்மை. ஜூன் 11 அன்று ஐம்பது ஐரோப்பியர் வரை மாண்டனர். எகிப்தியரும் பலர் மாண்டனர். நிரபராதிகளைக் கொன்றவனை, அவன் எந்தக் கூட்டத்தைச் சேர்ந்தவனாயினும், நாம் நியாயப்படுத்தப் போவதில்லை. ஆயின் இங்கிலாந்து, பிரான்சு நாடுகளின் போர்க்கப்பல்கள் அத்துறைமுகத்தில் வந்து நங்கூரம் பாய்ச்சியது எப்போது? மே 20 அன்று! கலகத்துக்கு மூன்று வாரங்களுக்கு முன்பே! மே 25-இல் உராபியை நாடு கடத்துமாறு இரு அரசுகளும் ஓலை கொடுத்தாயிற்று. அண்டை வீட்டு முற்றத்தில் ஆயுதத்தோடு வந்து நின்றுகொண்டு, வீட்டார் பதறியதைக் காட்டி, 'பார்த்தீர்களா, இதற்காகத்தான் வந்தேன்' என்பது எவ்வகை வாதம்?

இப்போது கட்டளைக்கு வருகிறேன். ஜூலை 3 அன்று லண்டனிலிருந்து சீமூருக்குத் தந்தி வந்தது மெய். கோட்டைகளில் நடக்கும் வேலைகளைத் தடுக்கும்படி அதிற் கண்டிருந்தது. கோட்டையில் வேலை நடப்பதை லண்டனிலிருந்த மந்திரி எந்தக் கண்ணால் கண்டார்? சீமூரின் கண்ணால்! அவர் அனுப்பிய அறிக்கைகளே அங்கிருந்து கட்டளையாகத் திரும்பி வந்தன. எகிப்தியர் தம் மண்ணில், தம் கோட்டையை, அழையாது வந்த கப்பல்களின் எதிரே பழுதுபார்த்தனர். அது அக்கப்பல்களுக்கு ஆபத்தாம்! ஆபத்தென்றால் கடல் அகன்று கிடக்கிறது, விலகிப் போயிருக்கலாமே. பிரெஞ்சுத் தளபதி கொன்ராத் விலகித்தான் போனார். குண்டுவீச்சுக்கு முன்னரே தம் கப்பல்களைப் போர்ட் ஸயீதுக்குக் கொண்டு போய்விட்டார். ஆகவே வழி இருந்தது.

ஜூலை 6 அன்று சீமூர் கேட்டது, வேலையை நிறுத்து என்பது. ஜூலை 10 அன்று நகரத் தளபதி துல்பா பாஷாவுக்கு அவர் அனுப்பிய இறுதி எச்சரிக்கையோ வேறு: ராஸ் அத்-தீன் முனையிலும் துறைமுகத்தின் தென்கரையிலும் உள்ள பீரங்கி மேடைகளை, ஆயுதம் களைவதற்காக, தம்மிடம் ஒப்படைக்க வேண்டும் என்றார். நான்கு நாளில் 'நிறுத்து' என்பது 'கொடு' என்றாயிற்று! மூன்று பீரங்கிகளை இறக்கிவிடுகிறோம் என்று எகிப்திய மந்திரிசபை இறங்கி வந்ததையும் அவர் ஏற்கவில்லை. சமாதானத்தை விரும்புகிறவன், எதிரி ஓரடி பின்வாங்கினால் தானும் ஓரடி பின்வாங்குவான்.

மறுநாள் ஜூலை 11, காலை ஏழு மணிக்கு முதற்குண்டு வெடித்தது. எட்டு இரும்புக்கவசக் கப்பல்கள். அவற்றோடு சிறு பீரங்கிப் படகுகள். 'இன்ஃபிளெக்ஸிபிள்' என்ற கப்பலின் பீரங்கி ஒவ்வொன்றும் 81 டன் எடை. பத்து மணி நேரத்தில் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட குண்டுகள் பொழிந்தன. அதா கோட்டையின் வெடிமருந்துக் கிடங்கு பிற்பகலில் வெடித்துச் சிதறியது. பண்டைய கலங்கரை விளக்கம் நின்ற இடத்தில், பதினைந்தாம் நூற்றாண்டில் மம்லூக் சுல்தான் காயித்பாய் எழுப்பிய கோட்டையும் சிதைந்தது. ஆங்கிலேயர் தரப்பில் மாண்டவர்களை ஒரு கை விரல்களில் எண்ணிவிடலாம். எகிப்தியர் தரப்பில் நூற்றுக்கணக்கில் விழுந்தனர். அவர்கள் பீரங்கியை விட்டு ஓடிவிடவில்லை என்பதை வேறு யாரும் சொல்ல வேண்டியதில்லை. சீமூரே தம் அறிக்கையில் அவர்களுடைய துணிவைப் பாராட்டியிருக்கிறார்.

பின்பு தீ. அது உராபியின் ஆட்கள் வைத்தது என்று ஒரு சாராரும், குண்டுகளால் மூண்டது என்று மற்றொரு சாராரும் நூறாண்டுக்கு மேலாக வழக்காடுகின்றனர். இரண்டும் இருந்திருக்கலாம், கொள்ளையர் கையும் அதில் உண்டு. நான் கேட்பது வேறொன்று. ஒரு மாநகரின் காவலைத் தகர்ப்பவன், அடுத்த கணம் அந்நகரைக் காக்கும் ஏற்பாட்டோடு வர வேண்டாமா? கரையிறக்கப் போதிய படை சீமூரிடம் இல்லை. அது அவருக்குத் தெரிந்தே இருந்தது. 12-ஆம் தேதி முழுதும் நகரம் எரிந்தது; அவர் கப்பலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தார். 13-ஆம் தேதிக்குப் பின்னரே அவருடைய வீரர்கள் தெருவில் ஒழுங்கை நிலைநாட்டத் தொடங்கினர். ஒழுங்கை நிலைநாட்டினார் என்ற புகழுரை இங்கிருந்துதான் பிறந்தது.

கட்டளை என்றால் கீழ்ப்படிய வேண்டியதுதானே என்பார்க்கு இன்னொரு பெயரை நினைவூட்டுகிறேன். ஜான் பிரைட் என்ற முதியவர் அப்போது கிளாட்ஸ்டனின் மந்திரிசபையில் இருந்தார். மந்திரிசபையின் முடிவு அவரையும் கட்டுப்படுத்தியது. இந்தக் குண்டுவீச்சு நாடுகளுக்கிடையிலான சட்டத்துக்கும் ஒழுக்க நியதிக்கும் விரோதமானது என்று கூறி, ஒரு வாரத்திற்குள் பதவியைத் துறந்தார். அவரும் ஆங்கிலேயர்தாம். பின்னர் உராபியின் வழக்குக்காக வழக்கறிஞரை அமர்த்திப் பாடுபட்ட வில்ஃபிரிட் பிளண்டும் ஆங்கிலேயரே. ஆகவே இனத்தைப் பழிப்பது என் நோக்கமன்று. மாணவர்களுக்கு உதாரண புருஷர் வேண்டுமானால், அதே ஆண்டில், அதே நாட்டில், அதே விவகாரத்தில் இவர்கள் இருக்கிறார்களே! இவர்களை விட்டுவிட்டுச் சீமூரை ஏன் தூக்கிப் பிடிக்க வேண்டும்?

சீமூருக்கோ பிரபுப் பட்டமும் பாராளுமன்றத்தின் நன்றியும் 25,000 பவுன் வெகுமதியும் கிடைத்தன. செப்டம்பர் 13-இல் தல் அல்-கபீரில் உராபியின் படை முறிந்தது. அன்று புகுந்த அந்நியப் படை எகிப்திய மண்ணை முற்றாகக் காலி செய்தது 1956-இல்.

தோற்றவர்கள் வந்து சேர்ந்த இடம் நமக்கு அயலானதன்று. உராபி, பாரூதி, சீமூரின் எச்சரிக்கையைப் பெற்ற அதே துல்பா, மற்றும் நால்வர் என எழுவர் 1883 ஜனவரியில் கொழும்பில் இறக்கப்பட்டனர். அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் அறிஞர் சித்திலெப்பை அவர்கள் 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தமிழில் தொடங்கியிருந்தார்கள். பேரரசு கலகக்காரர் என்று முத்திரையிட்டு அனுப்பிய மனிதரை, அப்பேரரசின் குடிகளாயிருந்துகொண்டே, நம் முன்னோர் கண்ணியமாக வரவேற்றனர். 1892-இல் மருதானையில் மத்ரஸத்துஸ் ஸாஹிரா தோன்றியபோது, சித்திலெப்பை, வாப்பிச்சி மரைக்கார் ஆகியோருடன் உராபி பாஷாவும் துணை நின்றார். அது இன்றைய ஸாஹிராக் கல்லூரி. அரபுக் கவிதைக்கு மீண்டும் உயிரூட்டியவர் எனப் போற்றப்படும் பாரூதி, ஸரந்தீபில் இருந்தபடியே கெய்ரோவில் மறைந்த மனைவிக்கு இரங்கற்பா எழுதினார். கண்பார்வை மங்கித்தான் ஊர் திரும்பினார். ஆல்ஸ்டர் பிரபு 1895-இல் காலமானபோது உராபி கண்டியில் இருந்தார். தாயகம் திரும்ப அவருக்கு 1901 வரை காத்திருக்க நேர்ந்தது.

இவற்றை அம்மாணவரிடம் சொல்லி, புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தேன். மன்றத்தில் சீமூரைப் பற்றியே பேசட்டும், நான் தடுக்கவில்லை; மே 20, ஜூன் 11, ஜூலை 11 என்ற மூன்று தேதிகளையும் அந்த வரிசையிலேயே சொல்லிவிட்டுப் பேசட்டும் என்றேன். இக்கட்டுரையை மறுக்க விழையும் அன்பர்களுக்கும் என் வேண்டுகோள் அதுவே. இதே ஏட்டில் எழுதுங்கள், தேதியோடு எழுதுங்கள்.