காணித் தீர்ப்புகளும் மூன்றாந்தரப்பினரின் உரிமைகளும்

காணி வழக்கொன்றில் தீர்ப்புக் கிடைத்துவிட்டால் காணியும் கைக்கு வந்துவிட்டது என்றே எம்மவரிற் பலர் எண்ணுகின்றனர். ஆனால், வழக்கைத் தொடங்கிய தந்தை மறைந்து, மகன் அதனைத் தொடர்ந்து நடத்தி, மேன்முறையீடுகளும் முடிந்து, எழுத்தாணையுடன் பிஸ்கால் அதிகாரி காணி வாசலுக்குச் செல்லும் நாளிலேயே புதிய சிக்கல் ஆரம்பமாகின்றது. வழக்கேட்டில் பெயரில்லாத ஒருவர் வீட்டினுள்ளிருந்து வெளியே வந்து, இது தமது காணி என்றும் தமக்கெதிராக எவரும் வழக்குத் தொடரவில்லை என்றும் கூறுகின்றார். அவர் கூறுவது முற்றிலும் உண்மையாக இருக்கலாம். வழக்கில் தோற்றவர் ஏவிவிட்ட நாடகமாகவும் இருக்கலாம். இரண்டையும் பிரித்தறியும் பொறுப்பு நீதிமன்றத்தையே சார்ந்துள்ளது.

1889 ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை இதற்கு ஒரு வழியை வகுத்துள்ளது. அதன் 207 ஆம் பிரிவின்படி தீர்ப்பாணை வழக்கின் தரப்பினருக்கிடையிலேயே இறுதியானது. வழக்கிற் சேர்க்கப்படாதவரை அது கட்டுப்படுத்தாது என்ற நியாயமான கொள்கையே இதன் அடிப்படை. ஆகவே, பிஸ்கால் தடுக்கப்பட்டால், வழக்கில் வென்றவர் ஒரு மாதத்துக்குள் 325 ஆம் பிரிவின் கீழ் நீதிமன்றத்தில் முறையிட வேண்டும். அதன்பின் காணியில் அறிவித்தல் ஒட்டப்பட்டு, உரிமை கோருவோர் 15 நாட்களுக்குள் தமது கோரிக்கையைச் சமர்ப்பிக்குமாறு அழைக்கப்படுகின்றனர். தடுத்தவர் தோற்றவரின் தூண்டுதலால் அவ்வாறு செய்தார் எனக் கண்டால், நீதிமன்றம் அவரை 30 நாட்கள் வரை சிறையிலிடலாம். மாறாக, அவர் நல்லெண்ணத்துடன், தமது சார்பிலோ தோற்றவரல்லாத வேறொருவர் சார்பிலோ ஆட்சியில் இருப்பவர் எனக் கண்டால், வென்றவரின் மனு தள்ளுபடியாகும். அறிவித்தல் எதையும் அறியாதிருக்கையிலேயே வெளியேற்றப்பட்டவருக்கும் 328 ஆம் பிரிவு இடமளிக்கின்றது. எனினும், வெளியேற்றப்பட்ட 15 நாட்களுக்குள் அவர் நீதிமன்றத்தை நாட வேண்டும்.

இந்த விசாரணைகளில் ஆராயப்படுவது பிரதானமாக ஆட்சியே. உறுதியின் செல்லுபடி இங்கு முடிவாகத் தீர்மானிக்கப்படுவதில்லை. இதனால்தான் தோற்றவர் அல்லாதோருக்கு எதிரான கட்டளைக்கு மேன்முறையீடு இல்லை என்றும், தனி வழக்குத் தொடர்ந்து உரித்தை நிலைநாட்டலாம் என்றும் 329 ஆம் பிரிவு கூறுகின்றது. ஏட்டளவில் இது நியாயமே. ஆனால், வீட்டிலிருந்து இறக்கப்பட்ட குடும்பம் வாடகை வீட்டில் இருந்துகொண்டு இன்னொரு வழக்கை ஆரம்பத்திலிருந்து நடத்துவது எத்தகைய சுமை என்பதை விளக்கத் தேவையில்லை.

கிழக்கு மாகாணத்தின் நிலைமையை எடுத்துக்கொள்வோம். மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களில் தமிழரிடத்தும் முஸ்லிம்களிடத்தும் திருமணத்தின்போது வீடு பெண்ணுக்கே கொடுக்கப்படுகின்றது; மாப்பிள்ளையே அவ்வீட்டுக்கு வந்து வாழ்கின்றார். உறுதி எழுதப்படாமல் சொல்லளவில் கொடுக்கப்படும் வீடுகளும் உண்டு. வெளியிலிருந்து வழக்குத் தொடுப்பவர், குடும்பத் தலைவர் என்று கருதிக் கணவனை மட்டும் எதிராளியாக்குகின்றார். மனைவியும் அவருடைய தாயாரும் அந்த வீட்டில் இருப்பது அவருடைய தயவினால் அல்ல, தமது சொந்த உரிமையினால் என்பது வழக்கேட்டில் ஓரிடத்திலும் பதிவாவதில்லை. முஸ்லிம் வாரிசுரிமையின்படி பங்குக்கு உரித்துடைய சகோதரிகள் இருக்க, மூத்த சகோதரன் மீது மட்டும் வழக்குப் பாய்வதும் இத்தகையதே. இவர்கள் பிஸ்கால் முன்னிலையில் எழுப்பும் குரலை, தோற்றவனின் உறவினர்கள்தானே என்று ஒதுக்கிவிடுவது பெரும் அநீதியாகும்.

மறுபக்கத்தையும் நாம் மறைக்கவில்லை. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே மகனுக்கோ மைத்துனனுக்கோ உறுதி முடித்துக் கொடுத்து, இறுதி நாளில் அவரை உரிமையாளராக முன்னிறுத்தும் தந்திரம் எமது நீதிமன்றங்களுக்குப் புதியதன்று. இருபது ஆண்டுகள் வழக்காடிய மூதாட்டிக்கு இது இரண்டாவது வழக்காகிவிடுகின்றது. வழக்குத் தொடரப்பட்டவுடன் அதனைக் காணிப் பதிவகத்தில் பதிவு செய்திருந்தால் இத்தகைய இடைக்காலக் கைமாற்றங்களுக்கு எதிராகப் பாதுகாப்புக் கிடைக்கும். 1927 ஆம் ஆண்டின் ஆவணப் பதிவுக் கட்டளைச் சட்டம் அதற்கு வழிசெய்துள்ளது. சட்டத்தரணிகள் இதில் காட்டும் அசட்டை, வென்ற கட்சிக்காரரின் தலையிலேயே இறுதியில் விடிகின்றது.

போரினால் பெயர்ந்தோரின் நிலை இவை எல்லாவற்றிலும் வேறானது. 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களும், 1995 ஒக்டோபரில் வலிகாமத்திலிருந்து இடம்பெயர்ந்த தமிழர்களும் விட்டுச் சென்ற காணிகளில், பிறர் இருவர் தமக்கிடையே வழக்காடித் தீர்ப்புப் பெறுவது நடக்கக்கூடியதே. காணியில் ஒட்டப்படும் அறிவித்தல் காணியில் இருப்பவனின் கண்ணில் படும். புத்தளத்திலோ வெளிநாட்டிலோ இருப்பவருக்கு அது எட்டுவது அரிது. அதைவிட முக்கியமானது, சட்டத்தின் இந்த ஏற்பாடுகள் ஆட்சியில் இருப்பவரையே பாதுகாக்கின்றன. உறுதி கையில் இருந்தும் ஆட்சியை இழந்தவருக்கு இங்கே இடமில்லை. அவருக்கு எஞ்சுவது தனி வழக்கு மட்டுமே. அங்கும் 10 ஆண்டு எதிராட்சி என்ற தடை காத்திருக்கின்றது. அந்தத் தடையைத் தளர்த்தவே 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தைக் கணக்கில் எடுக்காதிருக்கும் விசேட சட்டம் 2016 இல் நிறைவேற்றப்பட்டது. வழக்குத் தொடுப்பவருக்கு உதவுவது அதன் நோக்கமாயிருந்தது. ஆனால், வேறொருவர் பெற்ற எழுத்தாணையுடன் வரும் பிஸ்காலை அது நிறுத்திவிடாது.

இங்கே ஒரு சிறு வாய்ப்பு உண்டு. காணியைப் பார்த்துக்கொள்ளும் அயலவரோ உறவினரோ, இல்லாத உரிமையாளரின் சார்பில் தாம் ஆட்சியில் இருப்பதாக 15 நாட்களுக்குள் கூறினால், சட்டம் அதனைச் செவிமடுக்கும். இதற்கு அந்த ஏற்பாடு எழுத்தில் இருப்பது நல்லது. வாய்வார்த்தையில் காணியை ஒப்படைத்துச் சென்றோர் இனியேனும் ஒரு கடிதத்தையாவது எழுதிக் கொடுக்க வேண்டும்.

நோய் முற்றிய பின் மருந்து தேடுவதைவிட, வழக்கின் தொடக்கத்திலேயே காணியில் யார் இருக்கின்றார்கள் என்பதை அறிவதே உகந்தது. 1977 ஆம் ஆண்டின் பிரிவிடல் சட்டம் இதில் முன்மாதிரி. அதன் கீழ் நிலஅளவையாளர் காணிக்குச் சென்று, உரிமை கோருவோர் வழக்கில் தரப்பினராக இல்லாவிடினும் அவர்களின் பெயர், முகவரிகளை நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். அவர்களுக்கு அறிவித்தலும் செல்லும். பிரிவிடல் தீர்ப்பு உலகத்தார் அனைவரையும் கட்டுப்படுத்துவதால் இந்த முன்னெச்சரிக்கை அவசியமாயிற்று. சாதாரண உரித்து வழக்குகளிலும் ஆட்சிமீட்பு வழக்குகளிலும் இதனைக் கட்டாயமாக்குவதில் என்ன தடை இருக்க முடியும்? சில ஆயிரம் ரூபா செலவில் ஒருவர் காணிக்குச் சென்று வருவதே அதற்குத் தேவை.

அறிவித்தல் முறையும் மாற வேண்டும். வடக்கு, கிழக்குக் காணிகள் தொடர்பான அறிவித்தல்கள் புத்தளம் மாவட்டத்தின் பிரதேச செயலகங்களிலும் தமிழ் நாளேடுகளிலும் வெளியாக வேண்டும். அந்த மாகாணங்களுக்கு வெளியே சிங்கள மொழியில் நடைபெறும் வழக்குகளில், தமிழ் பேசுவோர் வாழும் காணியில் ஒட்டப்படும் அறிவித்தல் தமிழிலும் இருக்க வேண்டும். 15 நாள் தவணையில், வாசித்து விளங்க ஆள் தேடுவதற்கே ஒரு வாரம் போய்விடும்.