கண்ணிவெடி நிலமும் ஆளில்லா வண்டியும்

திருவண்ணாமலைத் தேரடி வீதிக் கடையொன்றில் முதிய அம்மையார் ஒருவரைச் சந்தித்தேன். எங்கள் மாவட்டத்து இலங்கைத் தமிழர் முகாமில் வாழ்பவர். சொந்த ஊர் பளை. கண்ணிவெடி தேடும் ஆளில்லா வண்டியை நம் ஆவடியில் செய்திருக்கிறார்கள் என்று பேச்சுவாக்கில் சொன்னேன்.

"எங்கட காணியையும் அது துப்புரவாக்கித் தருமோ, தம்பி?" என்றார். உடனே விடை சொல்ல நா எழவில்லை.

வண்டி உண்மைதான். பெயர் முன்ட்ரா. ஆவடியிலுள்ள போர் ஊர்தி ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கியது. 2017இல் வெளியுலகுக்குத் தெரியவந்தது. கண்காணிப்புக்கு ஒன்று, கண்ணிவெடி தேட ஒன்று, அணுக்கதிர் அபாயமுள்ள இடங்களுக்கு ஒன்று என மூன்று வகை. பீரங்கி வண்டியைப் போல் இரும்புப் பட்டைகளில் ஊர்ந்து செல்லும். இயக்குபவர் தொலைவில் இருப்பார். வெடித்தால் சிதைவது இரும்பு மட்டுமே.

ஆனால் வாசக நெஞ்சங்களே, படைக்கு வேண்டியது கடந்து செல்ல ஒரு பாதை. குடும்பத்துக்கு வேண்டியதோ முழுக் காணி: கிணற்றடி, வேலியோரம், பிள்ளைகள் ஓடியாடும் முற்றம். அங்கே ஒன்று மிஞ்சினாலும் போதும், ஒரு வீடு இருண்டுவிடும்.

பளைக்கு அருகே முகமாலை. போர்க்காலத்தில் இரு தரப்புக்கும் முன்னரங்கமாக இருந்து, இலங்கையின் மிகப் பெரிய கண்ணிவெடி நிலங்களுள் ஒன்றாகிப் போன இடம். புலிகள் செய்த 'ஜொனி' வெடி மரப்பெட்டியில் அடங்கியது. உலோகம் சொற்பம் என்பதால் கருவிக்கு எளிதில் அகப்படாது. சுழலும் சங்கிலிகளால் நிலத்தை அடித்துச் செல்லும் 'பொசேனா' என்னும் சுலோவாக்கிய வண்டிகளும் இலங்கையில் பயன்பட்டன. அவை அடித்த இடத்தையும் பிறகு மனிதர் சோதித்தாக வேண்டும். உடைந்த வெடி மண்ணுக்குள் கிடக்கலாம் அல்லவா? அந்த வேலையை ஹாலோ டிரஸ்ட் போன்ற அமைப்புகளில் சேர்ந்த பெண்கள் பலர் முழந்தாளிட்டு, மண்ணை அங்குலம் அங்குலமாக வாரிச் செய்தார்கள். அவர்களுள் போரில் கணவரை இழந்தவர்களும் உண்டு.

1990 அக்டோபரில் வட மாகாணத்திலிருந்து புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம்கள் 70,000 பேருக்கு மேல். 2009இல் போர் ஓய்ந்தபின் மன்னார் மாவட்டத்து முசலிக்குத் திரும்ப முனைந்தவர்களும் கண்ணிவெடி அகற்றப்படும்வரை காத்திருக்க நேர்ந்தது.

இவற்றையெல்லாம் அம்மையாரிடம் சுருக்கமாகச் சொன்னேன். "வண்டி வழிதான் திறக்கும், அம்மா. காணியை மனிதக் கைதான் மீட்க வேண்டும்" என்றேன்.

"அப்ப இன்னும் கொஞ்சக் காலம் எண்டு சொல்லுங்கோ" என்றவர், சாமான் பையை எடுத்துக்கொண்டு பேருந்து நிலையம் நோக்கி நடந்தார்.