சுவரில் கீறிய சாவு

இங்கிலாந்தின் ஹெர்ட்ஃபோர்ட்ஷயரில் ஆஷ்வெல் ஒரு கிராமம். அங்கே 14-ம் நூற்றாண்டின் புனித மரியாள் ஆலயம். கோபுரம் மட்டும் 176 அடி. கிராமத்துக்குச் சற்று அதிகம்தான். கல்தான் மட்டம். 'கிளஞ்ச்' என்கிற மென்மையான சுண்ணக்கல் வெயில், மழைக்குத் தாங்காது. கத்தி முனை பட்டால் கீறல் விழும்.

அந்தக் குறைதான் வரலாற்றுக்கு லாபம். 1348-ல் இங்கிலாந்துக்குள் நுழைந்த பிளேக் ஊர் ஊராகத் தின்று தீர்த்தது. 1350-ல் யாரோ கோபுரத்தின் உட்சுவரில் லத்தீனில் கீறினார்: மிஞ்சியது ஜனங்களின் கசடு மட்டுமே. எழுதியவரும் அந்தக் கசடில் ஒருவர்தானே! கூடவே 1361-ன் பெரும் புயலும் பதிவாகியிருக்கிறது.

ஒரு தூணில் வேறொருவரின் எரிச்சல்: மூலைகள் சரியாகப் பொருந்தவில்லையாம். காறித் துப்புகிறாராம்.