பழைய பாட்டுக்குப் புதுச் சட்டை!

படப்பையில் ஒரு கல்யாண மண்டபம் என்று வைத்துக்கொள்வோம். வெளியே வாலாஜாபாத் சாலையில் ஒரகடம் தொழிற்சாலை பஸ்கள் ஓடுகின்றன. உள்ளே மாலை வரவேற்பு. மேடை ஓரத்தில் டி.ஜே. பையன் கம்ப்யூட்டரைத் தட்டுகிறான். "பொன்மகள் வந்தாள்" கிளம்புகிறது.

குரல் டி.எம்.சவுந்தரராஜன் குரல்தான். ஆனால் அடியில் 'டம் டம்' என்று மின்சார முழக்கம்! நெஞ்சுக்கூடு அதிர்கிறது. வாலிபர்கள் துள்ளி ஆடுகிறார்கள். முன்வரிசையில் இருக்கும் தாத்தா முகத்தைச் சுளிக்கிறார்.

"டி.எம்.எஸ். பாட்டை என்னடா செய்தீர்கள்?"

"இதுதான் தாத்தா ரீமிக்ஸ். இப்போ எல்லாரும் இதைத்தான் கேட்கிறாங்க."

தாத்தாவின் வருத்தமும் நியாயம். பேரனின் ஆட்டமும் நியாயம். ஆனால் அந்தப் பாட்டை எழுதியவர் யார் என்று கேட்டால், இருவருக்கும் பதில் தெரியாது.

அவர் பெயர் ஆலங்குடி சோமு. 1970-ல் வந்த "சொர்க்கம்" படத்துக்காக எழுதினார். இசை எம்.எஸ்.விசுவநாதன். 37 ஆண்டுகள் கழித்து, 2007-ல் "அழகிய தமிழ்மகன்" படத்தில் ஏ.ஆர்.ரகுமான் அதற்குப் புது உருவம் கொடுத்தார். அதே ஆண்டில் "பில்லா" படத்தில், விசுவநாதன் 1980-ல் போட்ட பாட்டை யுவன் சங்கர் ராஜா புதுப்பித்தார். இரண்டும் ஊரெல்லாம் ஒலித்தன.

ரேடியோ ரிப்பேர்காரர்

இந்த வித்தை பிறந்த இடங்களில் ஒன்று ஜமைக்கா தீவு. அங்கே கிங்ஸ்டன் நகரில் ரேடியோவும் ஒலிபெருக்கியும் ரிப்பேர் செய்து பிழைத்தவர் ஒருவர். கிங் டப்பி என்பது பட்டப்பெயர். நம் ஊர் மைக் செட்காரர் மாதிரி! 1970-ஐ ஒட்டிய ஆண்டுகளில், ஊரறிந்த பாட்டில் இருந்து குரலை அங்கங்கே எடுத்தார். தாளத்தை முன்னுக்குக் கொண்டுவந்தார். எதிரொலியைக் கூட்டினார். பழைய பாட்டு புதிய பாட்டு ஆகிவிட்டது.

நம் பழைய பாட்டுகளில் இது சுலபமாக நடக்காது. பாடகரும் வாத்தியக்காரர்களும் ஒரே கூடத்தில் உட்கார்ந்து, ஒரே மூச்சில் பதிவு செய்த பாட்டுகள் அவை. கடைசி வரியில் ஒருவர் தப்பாக வாசித்தாலும் முதலில் இருந்து தொடங்க வேண்டும். பாலில் கலந்த தண்ணீர் போல எல்லாம் ஒன்றாகிவிடும். இப்போது அதைப் பிரித்துக் கொடுக்கக் கம்ப்யூட்டர் வந்துவிட்டது. குரல் தனி, தாளம் தனி. அதனால்தான் ஒரு வாலிபன் தன் வீட்டு அறையில் உட்கார்ந்து, யாருக்கும் தெரியாமல் ஒரு ரீமிக்ஸ் செய்து, விடிவதற்குள் ஆயிரம் போன்களுக்கு அனுப்ப முடிகிறது.

அது திறமை இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. லண்டனில் பிறந்து, யாழ்ப்பாணத்தில் சிறுவயதைக் கழித்த தமிழ்ப்பெண் மாதங்கி அருள்பிரகாசம். எம்.ஐ.ஏ. என்றால் உலகத்துக்குத் தெரியும். 2007-ல் தன் தாயார் கலாவின் பெயரில் ஒரு பாட்டுத் தொகுப்பு வெளியிட்டார். அதன் முதல் பாட்டிலேயே "தளபதி" படத்தில் இளையராஜா போட்ட "காட்டுக்குயிலு" பாட்டின் துண்டு ஒலிக்கிறது. தமிழே தெரியாதவர்கள் அதற்கு ஆடினார்கள்.

சட்டம் என்ன சொல்கிறது?

நாற்காலி செய்த தச்சர் கூலி வாங்கிவிட்டால் கணக்கு முடிந்தது. பாட்டு எழுதியவரும் ஒருமுறை பணம் வாங்கிவிட்டார், அப்புறம் என்ன என்று கேட்பவர்கள் உண்டு. நாற்காலியில் ஒருவர்தான் உட்கார முடியும். பாட்டோ 50 ஆண்டு கழித்தும் தினமும் சம்பாதிக்கிறது!

யாருக்குச் சம்பாதிக்கிறது? படத்துக்காகக் கூலிக்கு எழுதிய பாட்டுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், பட முதலாளியே சொந்தக்காரர் என்று 1977-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. எழுதியவர் வாசலில் நின்றார். பாட்டு பங்களாவில் வாழ்ந்தது. 2012-ல்தான் காப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டது. தியேட்டரில் படத்தோடு ஓடுவது போக, மற்ற இடங்களில் வரும் வருமானத்தில் பாட்டு எழுதியவருக்கும் மெட்டுப் போட்டவருக்கும் சமபங்கு உண்டு. அந்தப் பங்கை அவர்களே நினைத்தாலும் பட முதலாளிக்கு எழுதிக்கொடுக்க முடியாது.

அந்தச் சட்டம் இன்னொன்றும் சொல்கிறது. பாட்டு வெளிவந்து ஐந்து ஆண்டு கழிந்தபின், முன்கூட்டித் தெரிவித்து, பணம் கட்டி, வேறொருவர் புதிதாகப் பாடி வெளியிடலாம். ஆனால் பாட்டை இஷ்டத்துக்கு மாற்றக்கூடாது. வெட்டி ஒட்ட வேண்டுமானால் உரியவரின் சம்மதம் வேண்டும். (கல்யாணத்தில் பாட்டுப் போடச் சட்டத்திலேயே விலக்கு உண்டு. பெண் வீட்டார் பயப்பட வேண்டாம்!)

தன் பாட்டுகளைத் தன்னிடம் கேட்காமல் சேர்த்துவிட்டார்கள் என்று "குட் பேட் அக்லி" படத்தின் மீது இளையராஜா வழக்குப் போட்டார். இசைக் கம்பெனிகளிடம் அனுமதி வாங்கிவிட்டோம் என்றது பட நிறுவனம். 2025 செப்டம்பரில் சென்னை ஐகோர்ட்டு இடைக்காலத் தடை விதித்தது. "இத்தனை புகழ் வந்தபிறகும் இதற்கெல்லாம் வழக்கா?" என்று கேலி பேசியவர்கள் பலர். கேலிக்கு இதில் இடம் இல்லை. புகழும் வசதியும் உள்ளவர் கோர்ட்டுக்குப் போகிறார். ஒரு காலத்தில் கொடிகட்டிப் பறந்து, இப்போது பெயர் மறந்துபோன பாட்டாசிரியரின் குடும்பம் எந்தக் கோர்ட்டுக்குப் போகும்?

கேட்டுச் செய்தவர்களும் உண்டு. 2024-ல் வந்த "லால் சலாம்" படத்தில், மறைந்த பாடகர்கள் சாகுல் ஹமீது, பம்பா பாக்யா இருவரின் குரலையும் கம்ப்யூட்டரைக் கொண்டு ரகுமான் மீண்டும் பாட வைத்தார். இரு குடும்பத்தாரிடமும் சம்மதம் கேட்டு, உரிய ஊதியமும் கொடுத்ததாக அவர் அறிவித்தார்.

அதற்கும் வெகுகாலம் முன்பே வழி காட்டியவர் பாரதியார். கோபாலகிருஷ்ண பாரதியாரின் "நந்தனார் சரித்திரம்" அந்த நாளில் ஊரெங்கும் பிரபலம். அதன் மெட்டை எடுத்துத் தேசியப் பாட்டு எழுதினார். மெட்டு யாருடையது என்பதை மறைக்கவில்லை. பாட்டின் தலையிலேயே குறித்து வைத்தார். அப்போது கேட்க ஆள் இல்லை, வழக்கும் வராது. ஆனாலும் எழுதினார்.

வீட்டு அறையில் பழகிப் பார்க்கும் பையன்களை விரட்ட வேண்டியது இல்லை. நாளைய இசை அமைப்பாளர் அவர்களில் ஒருவராக இருக்கலாம். காசு வரத் தொடங்கிய நாளில் உரியவர் பங்கைக் கொடுக்கட்டும். காசு வராத நாளிலும் பெயரைச் சொல்லட்டும்.

படப்பை மண்டபத்தில் மேடைக்குப் பின்னால் பெரிய திரை இருக்கிறது. மாப்பிள்ளையும் பெண்ணும் சிரிக்கும் படங்கள் அதில் மாறி மாறி ஓடுகின்றன. அதன் ஒரு மூலையில் "பாட்டு: ஆலங்குடி சோமு" என்று போட அந்த டி.ஜே. பையனுக்கு ஒரு நிமிடம்கூட ஆகாது.