ஏன் சிசேரியன்னு எழுதுங்க டாக்டர்

1/ ராத்திரி ரெண்டு மணி. ராசிபுரம் பக்கத்துலருந்து 108-ல ஒரு அம்மா. எட்டாம் மாசம், வலியே இல்லாம ரத்தப்போக்கு. முந்தின பிரசவத்தோட டிஸ்சார்ஜ் சீட்டுல ஒரே வரி: "சிசேரியன். தாய், சேய் நலம்."

2/ ஏன் சிசேரியன்? சீட்டுல இல்லை. வீட்டுக்காரர்தான் சொன்னார்: "அப்பவும் நஞ்சு கீழ இருக்குன்னாங்க சார்." ரெண்டு உயிரும் பிழைச்சது. அது அவர் ஞாபகசக்தியோட புண்ணியம்.

3/ நஞ்சுக்கொடி கர்ப்பப்பை வாயை மூடி நிக்கிறதுதான் பிளாசென்டா ப்ரீவியா. ஐசிடி-10ல இதுக்கு ஓ44னு தனி கோடே இருக்கு. ரத்தப்போக்கு இல்லைன்னா 44.0, இருந்தா 44.1.

4/ "கோடிங் கிளார்க் வேலை"ங்கிற சக டாக்டர்களே, நாம எழுதாத நோய்க்கு கிளார்க் எப்படி கோடு போடுவார்? வெறும் "ஏபிஹெச்"னு எழுதினா அது ஓ46-ல போய் விழும். காரணம் அதோட காணாமப் போச்சு.

5/ பழைய தழும்பு மேல நஞ்சு உட்கார்ந்தா, கர்ப்பப்பைச் சதைக்குள்ளயே ஒட்டிக்கிற ஆபத்து அதிகம். பிரிச்சா ரத்தம் கொட்டும். கர்ப்பப்பையையே எடுக்க வேண்டி வரலாம். முன்னாடியே தெரிஞ்சா ரத்தம், சீனியர் டாக்டர் எல்லாம் தயாரா வெச்சிருப்போம். என்எஃப்எச்எஸ்-5 (2019-21) படி தமிழ்நாட்டுல 44.9% பிரசவம் சிசேரியன். தழும்போட எத்தனை பேர்னு யோசிங்க.

6/ வீட்டுக்குக் கிளம்புறதுக்கு முன்னாடி "எதுக்கு சிசேரியன் பண்ணீங்க?"ன்னு கேட்டு எழுதி வாங்குங்க. அடுத்த கர்ப்பத்துல முதல் நாளே அதை விஎச்என் சிஸ்டர்கிட்ட காட்டுங்க. எழுதித் தர டாக்டர் சலிச்சுக்கிட்டா, சலிச்சுக்கட்டும். விடாதீங்க.