சொந்த மண்ணில் அவமானம், 51 நாளில் சாம்பியன்: ஓஹியோ ஸ்டேட் ஜெயித்தது எப்படி?

2024 நவம்பர் 30. அமெரிக்காவின் ஓஹியோ மாநிலத் தலைநகர் கொலம்பஸ். ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் உட்காரக்கூடிய ஓஹியோ ஸ்டேடியத்தில் ஆட்டம் முடிந்ததும், சொந்த ரசிகர்களே தங்கள் அணியைப் பார்த்துக் கூச்சல் போட்டார்கள். தரவரிசையில் 2-வது இடத்தில் இருந்த ஓஹியோ ஸ்டேட் பல்கலைக்கழக அணி, தரவரிசையிலேயே இல்லாத மிச்சிகனிடம் 13-10 என்று தோற்றிருந்தது. மைதானத்தின் நடுவே மிச்சிகன் வீரர்கள் கொடியை நட, கைகலப்பு வெடித்தது. போலீஸ் மிளகு ஸ்பிரே அடித்துத்தான் கூட்டத்தைப் பிரித்தது.

“பயிற்சியாளர் ரயன் டேவை உடனே மாத்துங்க” என்பதுதான் அன்றிரவு சமூக வலைதளங்களில் ஒலித்த குரல். ஆனால், சரியாக 51 நாள் கழித்து, 2025 ஜனவரி 20 அன்று அதே டே தேசிய சாம்பியன்ஷிப் கோப்பையைத் தூக்கினார். இடையில் என்ன நடந்தது? இந்த வெற்றி ஏன் விளையாட்டுப் பக்கத்தைத் தாண்டியும் பேசப்பட்டது?

கல்லூரி ஆட்டத்துக்கு ஏன் இவ்வளவு மவுசு?

அமெரிக்கன் ஃபுட்பால் என்பது நாம் பார்க்கும் கால்பந்து கிடையாது. பந்தைக் கையில் பிடித்து ஓடலாம், வீசலாம். ஒரு அணிக்கு 11 பேர். 10 கெஜம் முன்னேற 4 வாய்ப்பு தரப்படும். அதற்குள் முடியாவிட்டால் பந்து எதிரணிக்குப் போய்விடும். எல்லைக்கோட்டைத் தாண்டினால் ‘டச்டவுன்’, 6 புள்ளி. அதற்குப் பிறகு உதைக்கும் கூடுதல் உதைக்கு 1 புள்ளி. கம்பங்களுக்கு நடுவே உதைக்கும் ‘ஃபீல்டு கோல்’ என்றால் 3. தாக்குதலை வழிநடத்தி, பந்தை வீசுபவர்தான் குவார்ட்டர்பேக்.

தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல். ஒரு பக்கம் இருந்தாலும், அந்த லீக்கின் அணி இல்லாத பல ஊர்களுக்குக் கல்லூரி அணிதான் எல்லாம். கொலம்பஸ் அப்படிப்பட்ட ஊர். அங்கே ஆண்டின் மற்ற ஆட்டங்கள் ஒரு தட்டு என்றால், மிச்சிகனுக்கு எதிரான ஆட்டம் தனித் தட்டு. அந்த ஆட்டத்தில் டேவின் அணி தொடர்ந்து 4-வது வருஷமாகத் தோற்றதுதான் கோபத்துக்குக் காரணம்.

தோற்ற அணிக்கு எப்படி இடம் கிடைத்தது?

இங்கதான் விதி மாற்றம் வருது. 2014 சீசனில் தொடங்கி 2023 வரை, தேசிய சாம்பியனைத் தீர்மானிக்கும் பிளேஆஃப் சுற்றில் 4 அணிகளுக்கு மட்டுமே இடம். 2024-ல் அது 12 ஆனது. பிராந்தியப் பிரிவுகளின் சாம்பியன்களில் தரவரிசைப்படி முதல் 5 அணிகளுக்கு நேரடி இடம். மீதி 7 இடங்கள் தேர்வுக் குழுவின் தரவரிசைப்படி.

ஓஹியோ ஸ்டேட் அக்டோபரில் ஆரிகனிடம் 32-31 என ஒரே புள்ளியில் தோற்றிருந்தது. மிச்சிகனிடம் விழுந்தது இரண்டாவது அடி. தன் பிரிவின் இறுதிப் போட்டிக்குக்கூட அதனால் போக முடியவில்லை. தேர்வுக் குழுவின் கடைசிப் பட்டியலில் 6-வது இடம். பிரிவு சாம்பியன்களுக்கு முன்னுரிமை தந்ததால் பிளேஆஃப் வரிசையில் 8-வது இடம். பழைய 4 அணி முறை இருந்திருந்தால் அன்றே சீசன் முடிந்திருக்கும்.

இன்னொரு வேடிக்கையும் நடந்தது. முதல் நான்கு இடங்களில் இருந்த ஆரிகன், ஜார்ஜியா, பாய்சி ஸ்டேட், அரிசோனா ஸ்டேட் அணிகளுக்கு முதல் சுற்றில் ஓய்வு தரப்பட்டது. நான்குமே தங்கள் முதல் ஆட்டத்திலேயே வெளியேறின. பரிசாகக் கிடைத்த ஓய்வு யாருக்கும் உதவவில்லை.

களத்தில் மாறியது என்ன?

மிச்சிகன் ஆட்டத்தில் ஓஹியோ ஸ்டேட் எதிரணியின் பலமான நடுப்பகுதி வழியாகவே திரும்பத் திரும்ப ஓடிப் பார்த்தது. ஆனால், குவார்ட்டர்பேக்கைக் காக்கும் முன்வரிசையில் அப்போது இரண்டு பெரிய ஓட்டைகள். ஜோஷ் சிம்மன்ஸ் ஆரிகன் ஆட்டத்தில் முழங்கால் காயத்தால் விலகியிருந்தார். சென்டர் சேத் மெக்லாக்லின் நவம்பரில் பயிற்சியின்போது குதிகால் தசைநார் காயத்தால் வெளியே போனார். பலவீனமான வரிசையை வைத்துக்கொண்டு சுவரில் முட்டியதுதான் அன்று நடந்தது.

பிளேஆஃபில் அணி பந்து வீச்சை நம்பியது. முதலாண்டு மாணவர் ஜெரமையா ஸ்மித்தைத் தேடிப் பந்து போனது. டென்னசியை 42-17 என வீழ்த்திய அணி, புத்தாண்டு அன்று ரோஸ் பௌலில் ஆரிகனைச் சந்தித்தது. அக்டோபரில் தோற்கடித்த அதே ஆரிகன், ஒரு கட்டத்தில் 34-0 என்று பின்தங்கி நின்றது. கடைசி ஸ்கோர் 41-21.

அரையிறுதியில்தான் மூச்சு முட்டியது. 21-14 என பின்தங்கியிருந்த டெக்ஸஸ், எல்லைக்கு ஒரு கெஜம் தொலைவு வரை வந்துவிட்டது. சமநிலை உறுதி என்று நினைத்த நேரத்தில் பின்னுக்குத் தள்ளப்பட்டது. நான்காவது வாய்ப்பில் டெக்ஸஸ் குவார்ட்டர்பேக் குவின் யூவர்ஸின் கையிலிருந்து பந்தைத் தட்டிப் பறித்த ஜாக் சாயர், 83 கெஜம் ஓடி டச்டவுன் போட்டார். யூவர்ஸ் முன்பு ஓஹியோ ஸ்டேட்டில் இருந்தபோது இருவரும் ஒரே அறையில் தங்கியவர்கள்! 28-14.

அட்லாண்டாவில் நடந்த இறுதிப் போட்டியில் எதிரணி நோட்ரே டேம். அதன் பயிற்சியாளர் மார்கஸ் ஃப்ரீமன், ஓஹியோ ஸ்டேட்டின் முன்னாள் வீரர். 31-7 என முன்னிலை பெற்ற ஓஹியோ ஸ்டேட்டை, நோட்ரே டேம் 31-23 வரை துரத்தி வந்தது. மூன்று நிமிடத்துக்கும் குறைவாக மிச்சம் இருக்க, மூன்றாவது வாய்ப்பில் 11 கெஜம் தேவை. பந்தை வைத்துக்கொண்டு நேரத்தைக் கடத்துவதுதான் பாதுகாப்பான வழி. ஆனால், குவார்ட்டர்பேக் வில் ஹாவர்ட் பந்தைத் தூக்கி வீசினார். ஸ்மித் பிடித்தார். 56 கெஜம்! அதைத் தொடர்ந்த ஃபீல்டு கோலுடன் 34-23. பத்து ஆண்டுகளுக்குப் பிறகு கோப்பை கொலம்பஸ் திரும்பியது.

பணம்தான் ஜெயித்ததா?

கோப்பையை விட அதிகம் பேசப்பட்ட எண் ஒன்று இருக்கிறது: 2 கோடி டாலர். இந்த அணி வீரர்களுக்குச் சுமார் இவ்வளவு பணம் போனதாகப் பல்கலைக்கழகத்தின் விளையாட்டுத் துறைத் தலைவர் ராஸ் பியோர்க்கே சொன்னார். அப்போதைய மதிப்பில் சுமார் 170 கோடி ரூபாய்.

கல்லூரி வீரர்களுக்குப் பணமா என்று கேட்கலாம். 2021 வரை அது குற்றம் மாதிரிதான். கல்லூரி விளையாட்டை நிர்வகிக்கும் என்.சி.ஏ.ஏ. அமைப்பு, உதவித்தொகையைத் தாண்டி வீரர்கள் சம்பாதிக்கத் தடை போட்டிருந்தது. பயிற்சியாளருக்குக் கோடிகள், டி.வி. ஒப்பந்தத்தில் கோடிகள், ஆடுகிற பையனுக்கு மட்டும் படிப்புச் செலவு. 2021 ஜூனில் ஆல்ஸ்டன் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகளும் ஒருமனதாக என்.சி.ஏ.ஏ.வுக்கு எதிராகத் தீர்ப்பளித்தனர். அடுத்த மாதமே, பெயரையும் முகத்தையும் விளம்பரத்துக்குப் பயன்படுத்தி வீரர்கள் சம்பாதிக்கலாம் என்ற ‘என்.ஐ.எல்.’ முறை வந்தது. நடைமுறையில், பணக்கார ரசிகர்கள் சேர்ந்து நிதி திரட்டித் தந்ததுதான் அப்போது பெரும்பங்கு.

கூடவே கல்லூரி மாறும் விதிகளும் தளர்ந்தன. ஹாவர்ட் கன்சாஸ் ஸ்டேட்டிலிருந்து வந்தவர். இறுதிப் போட்டியில் 3 டச்டவுன் போட்ட குவின்ஷான் ஜட்கின்ஸ் ‘ஓல் மிஸ்’ எனப்படும் மிசிசிப்பி பல்கலைக்கழகத்திலிருந்தும், தற்காப்பு வீரர் கேலப் டவுன்ஸ் அலபாமாவிலிருந்தும் வந்தவர்கள்.

ஆனால், வெளியிலிருந்து வாங்கியதைவிட, உள்ளே தக்க வைத்ததுதான் பெரிய விஷயம். சாயர், எமேக்கா எக்பூகா, ட்ரேவியன் ஹெண்டர்சன் போன்றவர்கள் ஒரு வருஷம் முன்பே என்.எஃப்.எல்.லுக்குப் போயிருக்கலாம். மிச்சிகனை ஜெயிக்காமல் போகக் கூடாது என்ற வைராக்கியம் ஒரு பக்கம், காத்திருந்தாலும் நஷ்டமில்லை என்ற கணக்கு இன்னொரு பக்கம். 2025 என்.எஃப்.எல். தேர்வில் இந்த அணியிலிருந்து 14 பேர் எடுக்கப்பட்டார்கள்.

அதே 2 கோடி டாலர் அணிதான் மிச்சிகனிடமும் தோற்றது என்பதை மறக்கக் கூடாது. பணம் திறமையைக் கொண்டு வந்தது. தவறைத் திருத்திக்கொள்ள அவகாசம் தந்தது 12 அணி விதி. இரண்டில் ஒன்று இல்லாமல் இந்தக் கோப்பை இல்லை.

அடுத்து என்ன?

2025 பிப்ரவரியில் டேவுக்கு ஆண்டுக்கு 1.25 கோடி டாலர் என 7 ஆண்டு ஒப்பந்தம் கிடைத்தது. மே மாதத்தில், பிரிவு சாம்பியன்களுக்கு முதல் 4 இடம் என்ற விதி நீக்கப்பட்டு, இனி தரவரிசைப்படியே வரிசை என்று முடிவானது.

பெரிய மாற்றம் ஜூன் 6 அன்று வந்தது. ‘ஹவுஸ்’ வழக்குச் சமரசத்துக்கு நீதிபதி கிளாடியா வில்கன் ஒப்புதல் அளித்தார். முன்னாள், இந்நாள் வீரர்களுக்கு 10 ஆண்டுகளில் சுமார் 280 கோடி டாலர் இழப்பீடு. ஜூலை 1 முதல் கல்லூரிகளே வீரர்களுக்கு நேரடியாகப் பணம் தரலாம். முதல் ஆண்டு உச்சவரம்பு ஒரு கல்லூரிக்கு 2.05 கோடி டாலர்.

இதில் இன்னும் அவிழாத முடிச்சுகள் உண்டு. ஓஹியோ ஸ்டேட்டில் மட்டும் 36 விளையாட்டு அணிகள் இருக்கின்றன. பணத்தின் பெரும்பகுதி ஃபுட்பாலுக்குப் போனால் நீச்சலுக்கும் மகளிர் அணிகளுக்கும் என்ன மிஞ்சும்? கல்வியில் பாலினப் பாகுபாட்டைத் தடுக்கும் சட்டம் இந்தப் பங்கீட்டுக்குப் பொருந்துமா? ஓஹியோ ஸ்டேட் அந்த சீசனில் 16 ஆட்டம் ஆடியது. என்.எஃப்.எல். அணி ஒன்றின் வழக்கமான சீசனே 17 ஆட்டம்தான். அவ்வளவு அடி வாங்கி ஆடும் மாணவர், சட்டப்படி ஊழியரா, மாணவரா?

இந்தச் சமரசம் அந்தக் கடைசிக் கேள்விக்குப் பதில் சொல்லவில்லை. ஊழியர் என்று ஆகாதவரை தொழிற்சங்கம் அமைப்பதும், காயத்துக்குத் தொழிலாளர் இழப்பீடு கேட்பதும் அவர்களுக்குக் கடினம்தான்.