மண் வீட்டைப் பார்த்துச் சிரிப்பவர்களுக்கு...

மைன்கிராஃப்ட் விளையாடுகிற கூட்டத்தில் ஒருவனை அவமானப்படுத்தக் கெட்ட வார்த்தை எதுவும் தேவையில்லை. "டேய், இவன் மண்ணுல வீடு கட்டியிருக்கான்டா" என்று சொன்னால் போதும். சுற்றியிருக்கிற அத்தனை பேரும் சிரிப்பார்கள். கட்டியவன் அவசர அவசரமாக அதை இடித்துவிட்டு, யூட்யூபில் மாளிகை கட்டுவது எப்படி என்று தேடப் போய்விடுவான்.

யூட்யூபில் "நூப் வெர்சஸ் ப்ரோ" என்று ஒரு ரகம் வீடியோக்கள் உண்டு. எத்தனை பார்த்தாலும் பெரும்பாலும் ஒரே கதைதான். நூப் மண்ணில் ஒரு டப்பா கட்டுவான். ப்ரோ கல்லும் மரமும் கண்ணாடியுமாக பங்களா கட்டுவான். அதற்கு மேல் ஹேக்கர் என்று ஒருவன் வந்து வைரத்திலேயே கோட்டை எழுப்புவான். பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளைக்கு எட்டு வயதோ பத்து வயதோ இருக்கும். அது கற்றுக்கொள்ளும் பாடம் ஒன்றே ஒன்று: மண் வீட்டில் இருப்பவன் முட்டாள்.

இந்தப் பாடம் தப்பு. விளையாட்டுக் கணக்கின்படியும் தப்பு, விளையாட்டுக்கு வெளியேயும் தப்பு.

விளையாடாதவர்களுக்குக் கொஞ்சம் முன்கதை. மைன்கிராஃப்டை ஸ்வீடனைச் சேர்ந்த மார்கஸ் பெர்சன் 2009 மே மாதம் முதன்முதலில் வெளியிட்டார். முழு வடிவம் வந்தது 2011 நவம்பரில். 2014-ல் மைக்ரோசாஃப்ட் அந்த நிறுவனத்தை 250 கோடி டாலருக்கு வாங்கியது. 2023-ல் விற்பனை 30 கோடி பிரதிகளைத் தாண்டிவிட்டதாக அறிவித்தார்கள். அதாவது, முதல் இரவுக்கு ஒரு கூரை தேடி ஓடியவர்கள் கோடிக்கணக்கில் இருப்பார்கள்.

அந்த ஓட்டம் இப்படித்தான். சர்வைவல் முறையில் ஆட்டம் தொடங்கும்போது ஆள் வெறுங்கையோடு ஒரு காட்டிலோ மேட்டிலோ நிற்பான். விளையாட்டின் ஒரு முழு நாள் என்பது நம் கடிகாரத்தில் 20 நிமிடம். அதில் நல்ல பகல் வெளிச்சம் சுமார் 10 நிமிடம்தான். அப்புறம் இருட்டு. இருட்டினால் ஜோம்பி வரும், அம்பு விடுகிற எலும்புக்கூடு வரும், சுவரேறும் சிலந்தி வரும், பக்கத்தில் வந்து வெடிக்கிற க்ரீப்பர் வரும். இந்த 10 நிமிடத்துக்குள் என்ன செய்வது என்று விளையாட்டு வாயைத் திறந்து சொல்லாது. எதை எதோடு சேர்த்தால் எது வரும் என்று காட்டும் செய்முறைப் புத்தகமே 2017-ல்தான் உள்ளே வந்தது.

இப்போது கணக்குக்கு வருவோம்.

உள்ளே மூன்றுக்கு மூன்று இடம் உள்ள ஓர் அறை. வெளிப்பக்கம் ஐந்துக்கு ஐந்து. சுற்றுச்சுவர் ஓர் அடுக்குக்கு 16 பிளாக். ஆள் நிற்க இரண்டு அடுக்கு, ஆக 32. கூரைக்கு 25. மொத்தம் 57. ஒரு மண் பிளாக்கை வெறுங்கையால் பெயர்க்க முக்கால் நொடி. 57 பிளாக்குக்கு 43 நொடி! நடப்பது, அடுக்குவது, தப்பாக வைத்துவிட்டுத் திருப்பி எடுப்பது எல்லாம் சேர்த்து இரண்டு நிமிடம் என்றே வைத்துக்கொள்ளலாம். ஒரு கட்டுக்கு 64 பிளாக் என்பதால் ஏழு மண்ணாங்கட்டி மிச்சம் வேறு.

மீதி எட்டு நிமிடம் கையில் இருக்கிறது. அதில் மரம் வெட்டலாம், நிலக்கரி தேடலாம், ஆடு கண்ணில் பட்டால் மூன்று கம்பளி சேர்த்து, மூன்று பலகையோடு ஒரு கட்டில் செய்யலாம். கட்டில் இருந்தால் இரவையே தூங்கித் தாண்டிவிடலாம்.

பங்களா கட்டுகிறவன் நிலைமை? அந்த எட்டு நிமிடத்தையும் கல் தோண்டுவதிலும், மணலை உருக்கிக் கண்ணாடி ஆக்குவதிலும் கரைத்துவிட்டு, கூரை பாதியில் நிற்கும்போது பொழுது சாய்ந்துவிடும். பிகாம் முதலாண்டுப் புத்தகத்தில் இதற்கு வாய்ப்புச் செலவு என்று பெயர். கடை வாடகைக்கும் போர்டுக்கும் ஏ.சி.க்கும் முதலை எல்லாம் கொட்டிவிட்டு, சரக்கு வாங்கக் காசில்லாமல் உட்கார்ந்திருக்கும் வியாபாரியை எந்த ஊர்க் கடைத்தெருவிலும் பார்க்கலாம். அவன் கடை அழகாகத்தான் இருக்கும். ஆறு மாதத்தில் ஷட்டர் இறங்கியிருக்கும்.

"மண்ணை க்ரீப்பர் ஒரே வெடியில் பெயர்த்துவிடுமே?" என்று ஒரு கேள்வி வரும். நியாயமான கேள்வி. மண் பலவீனம்தான், மறுக்க ஒன்றுமில்லை. ஆனால் கல் மட்டும் என்ன சாதித்துவிட்டது? ஒற்றை அடுக்குக் கல் சுவரை ஒட்டி க்ரீப்பர் வெடித்தால் அதிலும் ஓட்டை விழும். அதைவிட முக்கியம், க்ரீப்பர் வெடிக்க வேண்டுமென்றால் ஆள் அதன் கண்ணில் பட வேண்டும். நாலு பக்கமும் மூடிய மண் டப்பாவுக்குள் இருப்பவனை அது பார்க்காது. கூரை பாதியில் நிற்க, இருட்டில் திண்டாடுகிறவனைத்தான் பார்க்கும் :-)

"எண்டர்மேன் மண்ணைத் தூக்கிக்கொண்டு போகுமே?" போகும். ஒரு நேரத்தில் ஒரு பிளாக். மிச்சமிருக்கும் ஏழில் ஒன்றை எடுத்து அடைத்தால் தீர்ந்தது.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. இந்த விளையாட்டை உலகிலேயே வேகமாக முடிக்கிறவர்களை ஸ்பீட்ரன்னர் என்பார்கள். அவர்கள் கட்டும் வீடு எப்படி இருக்கும்? இருக்கவே இருக்காது! சில நிமிடங்களில் ஆட்டத்தை முடிக்கிறவனுக்கு வீடு எதற்கு? கடைசி உலகத்தில் கட்டிலில் படுக்கப் போனால் அது வெடிக்கும் என்பதால், கட்டிலைக் கூட டிராகனைக் கொல்லும் வெடிகுண்டாகத்தான் அவர்கள் எடுத்துப் போகிறார்கள். ஆக, வீடியோவில் வரும் "ப்ரோ"வுக்கும் நிஜமான ப்ரோவுக்கும் சம்பந்தமே இல்லை. நிஜமானவன் தேவைக்கு மேல் ஒரு பிளாக் கூட வைக்க மாட்டான்.

ரஸ்ட் விளையாடுகிறவர்களைக் கேட்டால் இதை இன்னும் அழுத்திச் சொல்வார்கள். அங்கே வீடு கட்டினால் மட்டும் போதாது, பராமரிப்புக்கென்று மரமும் கல்லும் இரும்பும் பெட்டியில் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். போடாவிட்டால் சுவர் தானாக இற்றுப்போகும். வீடு பெருக்கப் பெருக்க அந்தச் செலவு வீதமும் ஏறும். பெரிய வீடு என்றால் உள்ளே சரக்கு இருக்கிறது என்று ஊருக்கே தண்டோரா போட்ட மாதிரி. கொள்ளைக்காரன் தேடி வருவான். மாதத்தின் முதல் வியாழக்கிழமை சர்வரை மொத்தமாகத் துடைத்துவிடுவார்கள். மறுபடி எல்லாரும் வெறுங்கை. அன்றைக்கு ஆயிரக்கணக்கான மணிநேரம் ஆடிய கில்லாடி என்ன கட்டுகிறான்? நேற்று வந்தவன் கட்டும் அதே சின்னப் பெட்டி வீடுதான். அவனைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை.

"சரிப்பா, எல்லாம் கணக்குதானா? வீடு அழகா இருக்க வேண்டாமா? வீடியோவைப் பார்த்துக் கட்டினாலும் கற்றுக்கொள்வதுதானே?" என்று கேட்பவர்களும் இருக்கிறார்கள். அழகு வேண்டாம் என்று யார் சொன்னது? பத்தாவது நாள், இருபதாவது நாள், கையில் நாலு பெட்டி நிறையப் பொருள் சேர்ந்த பிறகு அரண்மனையே கட்டட்டும். சிக்கல் வரிசையில் இருக்கிறது. தேவை வருவதற்கு முன்பே விடையை வாங்கி வைத்துக்கொள்வது கற்றல் ஆகாது. பரீட்சைக்கு முதல் நாள் ஜெராக்ஸ் கடையில் வாங்கிய நோட்ஸ் மாதிரிதான் அது. விடை இருக்கும், கேள்வி என்னவென்றே தெரியாது.

2021-ல் வந்த வால்ஹைம் விளையாட்டில் இதைக் கண்கூடாகப் பார்க்கலாம். அங்கே தூங்க வேண்டுமென்றால் கட்டிலுக்கு மேலே கூரை வேண்டும், பக்கத்தில் நெருப்பு வேண்டும். திறந்த வெளியில் நெருப்பு மூட்டினால் மழை அணைத்துவிடும். சரி என்று வீட்டுக்குள் மூட்டினால் புகை நிறைந்து ஆளையே கொல்லப் பார்க்கும். முதல்முறை விளையாடுகிறவன் இருமி, ரத்தம் குறைந்து, கதவைத் திறந்துகொண்டு மழைக்குள் ஓடுவான். திரும்பி வந்து கூரையில் ஒரு பலகையைப் பிடுங்குவான். புகை போகும், ஆனால் மழை உள்ளே வரும். அந்த ஓட்டைக்கு மேலே இன்னொரு சின்னக் கூரையைத் தூக்கி வைப்பான். புகை பக்கவாட்டில் போய்விடும், மழையும் வராது. புகைபோக்கி என்ற ஒன்றை அவனே கண்டுபிடித்துவிட்டான்!

வீடியோ பார்த்துக் கட்டியவன் வீட்டிலும் புகைபோக்கி இருக்கும், இதைவிட அழகாக இருக்கும். எதற்கென்று மட்டும் அவனுக்குத் தெரியாது. நாளைக்கு வேறு மாதிரி வீடு கட்ட வேண்டி வந்தால் வேறு வீடியோ தேடுவான்.

சர்வைவல் விளையாட்டு விற்கிற சரக்கே இதுதான். பயம் வரும். பயத்தில் ஒரு தேவை தெரியும். தேவைக்காக மூளை வேலை செய்யும். கையில் இருப்பதை வைத்து ஒரு விடை வரும். மைன்கிராஃப்டில் அந்த முதல் விடைக்குப் பெயர்தான் மண் வீடு. பார்க்க மொக்கையாக இருக்கும். ஆனால் அது முழுக்க முழுக்கக் கட்டியவனுடையது. அதைக் கேலி செய்து இடிக்க வைக்கிறவர்கள், காசு கொடுத்து வாங்கிய விளையாட்டின் சாற்றைப் பிழிந்து கீழே ஊற்றிவிட்டுச் சக்கையைக் கையில் கொடுக்கிறார்கள்.

நண்பர்கள் சேர்ந்து ஆடும் சர்வர்களில் இது இன்னும் மோசமாக நடக்கும். புதிதாக ஒரு தம்பி உள்ளே வருவான். முதல் நாள் பயந்து பயந்து ஒரு மண் டப்பா கட்டி, அதற்குள் ஒரு தீப்பந்தம் நட்டு வைப்பான். மறுநாள் வந்து பார்த்தால் டப்பா இருக்காது. அந்த இடத்தில் சீனியர் அண்ணன்கள் கட்டிய மூன்று மாடி வீடு நிற்கும். "உனக்காகத்தான்டா கட்டினோம்" என்பார்கள். அன்பாகத்தான் சொல்வார்கள். அவனும் தேங்க்ஸ் சொல்வான். அதற்கப்புறம் அவன் அந்த சர்வரில் என்ன செய்வான்? செய்ய ஒன்றும் இருக்காது. நாலு நாள் சுற்றிப் பார்த்துவிட்டுக் கிளம்பிவிடுவான்.

இதெல்லாம் வெறும் விளையாட்டுதானே, எதற்கு இவ்வளவு ஆவேசம் என்று தோன்றலாம். விளையாட்டோடு நின்றால் பரவாயில்லை. எட்டு வயதுப் பிள்ளை "மண் வீடு என்றால் முட்டாள்" என்று மனப்பாடம் செய்துவிட்டு, விடுமுறைக்குப் பாட்டி ஊருக்குப் போகிறது. அங்கே பக்கத்து வீடு மண்சுவர். அந்த வீட்டிலும் அதே வயதில் ஒரு பிள்ளை இருக்கிறது. கேலி அங்கே போய் இறங்கும்போது அதை "பாஸ்" பொத்தானை அழுத்தி நிறுத்த முடியாது.

நிஜத்தில் மண்ணின் யோக்கியதை என்ன? யேமனில் ஷிபாம் என்று ஒரு ஊர். 16-ஆம் நூற்றாண்டிலிருந்து வெயிலில் காய்ந்த மண் செங்கல்லில் பல மாடிக் கட்டடங்கள் அங்கே நெருக்கியடித்து நிற்கின்றன. 1982-ல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. மாலி நாட்டில் ஜென்னே நகரத்துப் பெரிய மசூதி, இப்போதுள்ள கட்டடம் 1907-ல் முடிந்தது, மொத்தமும் மண். மழையில் கரையும் என்று தெரிந்தே கட்டியிருக்கிறார்கள். அதனால் வருடா வருடம் ஊரே கூடி, திருவிழா மாதிரி, புதுச் சேறு பூசுகிறது. இவர்களை எல்லாம் நூப் என்பதா?

அதற்காக ஒழுகும் குடிசையில் இருப்பது பெரிய சுகம் என்று இங்கே யாரும் ஜல்லியடிக்கவில்லை. மழைக்குப் பயந்தவன் கான்கிரீட் வீட்டுக்கு ஆசைப்படுவதில் ஒரு தப்பும் கிடையாது. ஆசைப்படுவது வேறு, இன்னும் அங்கே போய்ச் சேராதவனைப் பார்த்துச் சிரிப்பது வேறு. முதலாவதில் உழைப்பு இருக்கிறது. இரண்டாவதில் பந்தாவைத் தவிர ஒன்றும் இல்லை.

வீட்டை அளக்க எத்தனையோ கோல் இருக்கலாம். முதல் இரவில் கட்டிய வீட்டுக்கு ஒரே ஒரு கோல்தான். உள்ளே இருந்தவன் விடியலைப் பார்த்தானா?

மண் டப்பாவுக்குள் இருக்கும் அந்தத் தம்பிக்கு வெளியே நடப்பது எதுவும் தெரியாது. ஜோம்பி உறுமும் சத்தம் மட்டும் கேட்கும். ஏழு நிமிட ராத்திரி ஏழு மணிநேரம் மாதிரி நகரும். அப்புறம் உறுமல் ஒவ்வொன்றாக அடங்கும், வெயில் பட்டு ஜோம்பிகள் எரிகிற சத்தம் கேட்கும். கதவு செய்யத் தெரியாததால் கதவு வைக்கவில்லை. அதனால் சுவரில் ஒரு மண்ணாங்கட்டியைப் பெயர்த்து எட்டிப் பார்ப்பான். வெளிச்சம்!

உயிரோடு இருக்கிறான். இதில் சிரிக்க என்ன இருக்கிறது?